ஹாரிஸ்: உழுபவனா, காவலனா?

கீழக்கரையைச் சேர்ந்த வாசகி ஒருவர் கேட்டிருக்கிறார்: “பிறந்து மூன்று வாரமான மகனுக்கு, என் வாப்பாவின் பாட்டனார் பெயரான ஹாரிஸ் என்பதையே வைக்க விரும்புகிறோம். பொருள் தேடினால் ஓரிடத்தில் உழவர் என்றும், இன்னோரிடத்தில் காவலர் என்றும், வேறோரிடத்தில் சிங்கம் என்றும் இருக்கிறது. உறவினர் ஒருவரோ இது ஷைத்தானின் பெயர், வைக்கவே கூடாது என்கிறார். எது சரி? பிறப்புச் சான்றிதழில் ஆங்கிலத்தில் எப்படி எழுத வேண்டும்?”

நீங்கள் கண்ட பொருள்களில் எதுவும் முழுப் பொய் அன்று. தமிழில் ஒரே மாதிரி எழுதப்படும் இந்தப் பெயர், அரபியில் இரண்டு வெவ்வேறு சொற்களாக இருப்பதுதான் குழப்பத்தின் வேர். அரபியில் நம் காதுக்கு ‘ஸ்’ என்று விழும் எழுத்துகள் மூன்று உண்டு. தலைமேல் மூன்று புள்ளி வைத்த ‘ஸா’ ஒன்று; நாக்கு நுனியைப் பல்லிடையே வைத்து, காற்றை மட்டும் வெளிவிட்டு ஒலிக்க வேண்டியது அது. பல் வரிசை போல எழுதப்படும் ‘ஸீன்’ இரண்டாவது. நம் ‘ஸ்’ ஒலிக்கு நேரானது. தொண்டையைத் தடிக்கச் செய்து ஒலிக்கும் ‘ஸாத்’ மூன்றாவது. தமிழ் எழுத்து இம்மூன்றையும் ஒன்றாக்கிவிடுகிறது. ஹதீஸ், உஸ்மான் என்று நாம் எழுதும் சொற்களில் இருப்பது புள்ளி வைத்த ‘ஸா’. அதே மரபின்படிதான் அந்த எழுத்தில் முடியும் பெயரும் தமிழில் ஹாரிஸ் ஆகியிருக்கிறது. பாரசீகத்திலும் உருதுவிலும் இதே வழக்கம்தான். பாகிஸ்தான் வேகப்பந்து வீச்சாளர் ஹாரிஸ் ரவூஃப் தம் பெயரை ஆங்கிலத்தில் ‘எஸ்’ போட்டு எழுதினாலும், உருதுவில் அது புள்ளி வைத்த ‘ஸா’வில்தான் முடிகிறது.

‘ஸா’வில் முடியும் ஹாரிஸ், ஹா–ரா–ஸா என்னும் மூவெழுத்து வேரிலிருந்து பிறந்தது. நிலத்தை உழுதல், பயிரிடப் பண்படுத்துதல் என்பது இவ்வேரின் முதற்பொருள். உழைத்துப் பொருள் ஈட்டுதல், சேர்த்தல் என்பவை அதிலிருந்து விரிந்தவை. காலித், ஹாமித், ஸாலிஹ் முதலிய பெயர்கள் எந்த வாய்பாட்டில் அமைந்தனவோ அதே வாய்பாட்டில், செயலைச் செய்பவனைக் குறிக்கும் வடிவம் இது. தமிழ் இலக்கணக் கண்ணால் பார்த்தால் ‘உழுபவன்’ என்னும் வினையாலணையும் பெயர். ‘ஸீன்’ எழுத்தில் முடியும் ஹாரிஸோ ஹா–ரா–ஸீன் என்னும் வேறு வேரைச் சேர்ந்தது; அதன் பொருள் காவல் காப்பவன். காவலர் என்று எழுதியவர்கள் இந்த இரண்டாவது சொல்லின் பொருளை எடுத்து முதற்பெயரின் மீது ஏற்றிவிட்டார்கள்.

இந்த வேறுபாடு ஏட்டில் மட்டும் நிற்பதன்று. குவைத்திலோ சவூதியிலோ வேலை பார்த்தவர் உங்கள் வீட்டிலேயே இருப்பார். அங்கே அடுக்குமாடிக் கட்டடத்தின் வாயிலில் இருக்கும் காவலாளியை எப்படி அழைப்பார்கள் என்று அவரிடம் கேட்டுப் பாருங்கள். ‘ஸீன்’ போட்ட ஹாரிஸ் அங்கே தொழிற்பெயர். கால்பந்தில் கோல்காப்பாளரையும் அதே சொல்லால்தான் குறிப்பார்கள். அதில் இழிவு ஏதுமில்லை. அதைப் பெயராகச் சூட்டிக்கொள்வோரும் உலகில் உண்டு. ஆனால் அரபு வரலாற்றில் அரசரும் கவிஞரும் நபித்தோழரும் சூடிய புகழ்பெற்ற பெயர் ‘ஸா’வில் முடிவதுதான். உங்கள் பூட்டனாருக்கு வைத்திருந்ததும் பெரும்பாலும் அதுவாகவே இருக்கும்.

அதைச் சோதித்து அறியவும் வழி உண்டு. பள்ளிவாசல் ஜமாஅத்தின் பழைய நிக்காஹ் தஃப்தர் (திருமணப் பதிவேடு) கிடைத்தால் அவருடைய பெயரை அதில் தேடுங்கள். அந்தத் தலைமுறையின் பதிவுகளும் குடும்பக் கடிதங்களும் அரபுத்தமிழில் இருந்தால் உங்களுக்கு நல்லூழ். ஏனெனில் தமிழை அரபு எழுத்தில் எழுதிய அம்மரபில், அரபுச் சொற்களை அவற்றின் மூல எழுத்தோடு எழுதுவதே முறை. தமிழ் ‘ஸ்’ மறைத்துவிட்டதை அந்தப் பக்கம் காட்டிக்கொடுக்கும். அவருடைய கபுறில் (அடக்கத்தலத்தில்) மீஸான் கல் என்னும் அடையாளக் கல் நட்டு, அதில் அரபியில் பெயர் பொறித்திருந்தால் அதுவும் போதும்.

இனி பொருளுக்கு வருவோம். உழவரை ஏற்றிப் பேசியே பழகிய தமிழ்ச் செவிக்கு உழுபவன் என்னும் பெயர் இயல்பாகவே இனிக்கும். ஆனால் ஒட்டகம் மேய்த்து வாழ்ந்த பாலைவன அரபிகள் உழவைப் பெரிதாக மதித்தவர்கள் அல்லர். அப்படிப்பட்டவர்களிடையே இப்பெயர் இவ்வளவு பரவியதற்கு, ஈட்டுபவன், முயல்பவன் என்னும் விரிந்த பொருளே காரணமாக இருக்க வேண்டும் என்று நான் கருதுகிறேன். திருக்குர்ஆனிலும் இந்த விரிவைக் காணலாம். அஷ்ஷூரா அத்தியாயத்தின் 20ஆம் வசனம், மறுமையின் விளைச்சலை நாடுபவருக்கு அதைப் பெருக்கித் தருவதாகச் சொல்லும் இடத்தில், இதே வேரிலிருந்து வந்த ‘ஹர்ஸ்’ என்னும் சொல்லையே ஆள்கிறது. இன்னும் நுட்பமானது அல்வாகிஆ அத்தியாயத்தின் 63, 64ஆம் வசனங்கள். உழுது விதைக்கும் மனிதச் செயலுக்கு ஹா–ரா–ஸா வேரிலிருந்து ஒரு வினையும், முளைத்து வளரச் செய்வதற்கு வேறொரு வினையும் அங்கே பயன்படுகின்றன. வளரச் செய்வது நீங்களா, நாமா என்று இறைவன் கேட்கிறான். உழுவது வரைதான் மனிதன் கையில், விளைவு அவன் கையில் இல்லை என்பது இதன் உட்கிடை. அந்த உழைப்பின் பகுதியைத்தான் ஹாரிஸ் என்னும் பெயர் சுட்டுகிறது.

நபிமொழிகளிலும் இப்பெயருக்குத் தனி இடம் உண்டு. அல்லாஹ்வுக்கு மிகவும் விருப்பமான பெயர்கள் அப்துல்லாஹ்வும் அப்துர் ரஹ்மானும் என்னும் நபிமொழியை நீங்கள் கேட்டிருப்பீர்கள். அபூதாவூத் தொகுப்பில் உள்ள ஓர் அறிவிப்பு அதோடு நிற்காமல், பெயர்களிலேயே மிகவும் உண்மையானவை ஹாரிஸும் ஹம்மாமும் என்று தொடர்கிறது. அழகானவை என்று சொல்லாமல் உண்மையானவை என்று சொன்னது கவனிக்கத்தக்கது. கரீம் (வள்ளல்) என்று பெயர் பெற்றவர் கஞ்சராக இருக்கலாம், ஸாலிஹ் (நல்லவர்) என்று பெயர் பெற்றவர் வழிதவறிப் போகலாம். ஆனால் ஏதோ ஒன்றை எண்ணாத மனிதரும் இல்லை, ஏதோ ஒன்றுக்காக முயலாத மனிதரும் இல்லை. ஹம்மாம் என்றால் எண்ணுபவன், ஹாரிஸ் என்றால் முயல்பவன். ஆகவே இவ்விரு பெயர்களும் யாருக்கு வைத்தாலும் பொய்க்காது என்று அறிஞர்கள் விளக்குகிறார்கள். பஸ்ராவைச் சேர்ந்த அல்ஹரீரி (1054–1122) தம் புகழ்பெற்ற ‘மகாமாத்’ கதைகளைச் சொல்லும் பாத்திரத்துக்கு ஹாரிஸ் இப்னு ஹம்மாம் (ஹம்மாமின் மகன் ஹாரிஸ்) என்று பெயரிட்டதும் இந்த நபிமொழியை மனத்தில் வைத்துத்தான் என்பது உரையாசிரியர்கள் கருத்து.

சிங்கம் என்னும் பொருள் எங்கிருந்து வந்தது? அரபிகள் மனிதருக்கு மட்டுமின்றி விலங்குகளுக்கும் தந்தை எனப் பொருள்படும் ‘அபூ’ சேர்த்துச் சிறப்புப் பெயர் வைப்பார்கள். சிங்கத்துக்கு அப்படி வைத்த பெயர்களில் ஒன்று அபுல் ஹாரிஸ். இரையைத் தேடி ஈட்டிக்கொள்ளும் விலங்கு என்பதால் இப்பெயர் பொருந்தியிருக்கலாம். பட்டியல் தயாரிப்பவர்களுக்கு உழவனைவிடச் சிங்கம் கவர்ச்சியாகத் தெரிந்ததில் வியப்பில்லை. எனினும் இதைத் துணைச் செய்தியாகக் கொள்ளலாமே தவிர, பெயரின் நேர்ப்பொருளாகக் கொள்ள முடியாது.

உறவினர் எழுப்பிய ஐயத்தைத் தள்ளிவிடாமல் பார்க்க வேண்டும், ஏனெனில் அவர் அதைக் கற்பனையாகச் சொல்லவில்லை. அல்அஃராஃப் அத்தியாயத்தின் 189, 190ஆம் வசனங்களுக்கான சில விரிவுரைகளில் ஒரு கதை வருகிறது. முதல் மனிதர் ஆதமின் துணைவி ஹவ்வா (ஏவாள்) அவர்களுக்குப் பிறந்த குழந்தைகள் தங்காமல் போனபோது இப்லீஸ் என்னும் ஷைத்தான் வந்து, அடுத்த குழந்தைக்கு அப்துல் ஹாரிஸ் என்று பெயரிடச் சொன்னதாகவும், ஹாரிஸ் என்பது அவனுடைய பெயர் என்றும் அக்கதை கூறும். திர்மிதி தொகுப்பிலும் இதைச் சார்ந்த அறிவிப்பு ஒன்று உண்டு. ஆனால் 14ஆம் நூற்றாண்டின் பெரும் விரிவுரையாளர் இப்னு கஸீர் அதன் அறிவிப்புத் தொடரிலுள்ள (யாரிடமிருந்து யார் கேட்டுச் சொன்னார் என்னும் வரிசையிலுள்ள) குறைகளை எடுத்துக்காட்டி, வேதக்காரர்களின் (யூத, கிறிஸ்தவர்களின்) கதைகளிலிருந்து வந்திருக்கக்கூடியது என்று ஒதுக்கினார். என்னைப் பொறுத்தவரை அதைவிட வலுவான சான்று நபிகளார் காலத்து நடைமுறை. பொருத்தமற்றவை எனக் கருதிய பெயர்களை நபியவர்கள் மாற்றியது அனைவரும் அறிந்ததே. தம் துணைவியருள் ஒருவருக்கு இருந்த பர்ரா என்னும் பெயரை ஜுவைரிய்யா என்று மாற்றினார்கள். ஆனால் அந்த ஜுவைரிய்யாவின் தந்தை பெயர் ஹாரிஸ், அது அப்படியே நின்றது. இன்றும் அந்த அன்னையை ஜுவைரிய்யா பின்த் ஹாரிஸ் என்றுதான் சொல்கிறோம். மற்றொரு துணைவியார் மைமூனாவின் தந்தை பெயரும் ஹாரிஸ்தான். இறைச்செய்தி தங்களுக்கு எவ்வாறு வருகிறது என்று நபியவர்களிடம் கேட்டவர் ஹாரிஸ் இப்னு ஹிஷாம். அந்த உரையாடல் புகாரி தொகுப்பின் இரண்டாவது நபிமொழியாகவே இருக்கிறது. அவர் பெயரும் மாற்றப்படவில்லை. நபியவர்களின் பாட்டனார் அப்துல் முத்தலிபின் மூத்த மகன் பெயரும் இதுவே.

இருந்தாலும் அந்தக் கதையிலிருந்து ஓர் எச்சரிக்கையை எடுத்துக்கொள்ளலாம். ‘அப்துல் ஹாரிஸ்’ என்று மட்டும் வைத்துவிடாதீர்கள். அப்து என்றால் அடியான். அதனுடன் அல்லாஹ்வின் திருப்பெயர்களையே சேர்க்க வேண்டும், ஹாரிஸ் அவற்றில் ஒன்றன்று. முன்னால் ஒரு பெயர் வேண்டுமென்றால் முஹம்மது ஹாரிஸ், அஹமது ஹாரிஸ் என்பன பொருத்தமாக இருக்கும்.

இப்பெயரின் வயது இஸ்லாத்தைவிட மிக அதிகம். இன்றைய ஜோர்டானிலுள்ள பெட்ராவைத் தலைநகராகக் கொண்டு ஆண்ட நபத்திய அரசர்களுள் நால்வர் இதே வேரிலிருந்து வந்த பெயரைச் சூடியிருந்தனர்; கிரேக்கர் அதை அரெத்தாஸ் என்று எழுதினார்கள். அவர்களுள் நான்காமவர் கி.மு. 9 முதல் கி.பி. 40 வரை ஆண்டார். தமிழ் விவிலியத்தில், கொரிந்தியருக்கு எழுதிய இரண்டாம் நிருபத்தில், தமஸ்கு நகரம் பற்றிய குறிப்பில் வரும் அரேத்தா ராஜா இவர்தான். உங்கள் மகனின் பெயர் பக்கத்துத் தேவாலயத்தில் வேறோர் உருவில் படிக்கப்படுகிறது என்பது பலருக்குத் தெரியாத செய்தி. ஆறாம் நூற்றாண்டில் பைசாந்தியப் பேரரசின் துணையோடு சிரியப் பகுதியை ஆண்ட கஸ்ஸானிய மன்னர் ஹாரிஸ் இப்னு ஜபலா ஒரு கிறிஸ்தவர். இஸ்லாத்துக்கு முந்திய காலத்தின் ஏழு முஅல்லகாத் கவிதைகளில் ஒன்றைப் பாடியவர் ஹாரிஸ் இப்னு ஹில்லிஸா. பிற்காலத்தவருள், 857இல் பக்தாதில் மறைந்த ஸூஃபி ஞானி ஹாரிஸ் அல்முஹாஸிபி குறிப்பிடத்தக்கவர். தம் உள்ளத்தைத் தாமே ஓயாமல் கணக்குக் கேட்டுக்கொண்டதால் ‘கணக்குப் பார்ப்பவர்’ என்னும் அடைமொழி பெற்றார்.

எழுத்து முறையில் கவனம் தேவை. தமிழில் முதலெழுத்து நெடில், இரண்டாவது குறில்: ஹாரிஸ். இதை ஹரீஸ் என்று மாற்றினால், ‘ஸாத்’ எழுத்தில் முடியும் வேறு சொல்லாகி, பேரார்வம் கொண்டவன் என்றோ இடத்துக்கேற்பப் பேராசைக்காரன் என்றோ பொருள்படும். வளைகுடா நாடுகளில் நோன்பு மாதத்தில் கோதுமையையும் இறைச்சியையும் சேர்த்துக் குழையக் கிண்டும் உணவின் பெயரும் நம் எழுத்தில் ஹரீஸ்தான். குழந்தையின் பெயர் சஹன் தட்டில் போய் முடிய வேண்டாம்.

ஆங்கிலத்தில் இரண்டு வழிகள் உள்ளன. ‘எச்-ஏ-ஆர்-ஐ-எஸ்’ என்று எழுதினால் நாம் உச்சரிப்பதற்கு ஒத்திருக்கும்; ஆனால் வளைகுடாவில் குடியிருப்பு அட்டைக்காக அதை அரபியில் பெயர்க்கும்போது தட்டச்சர் ‘ஸீன்’ போட்டுக் காவலாளியாக்கிவிட வாய்ப்பு அதிகம். ‘எச்-ஏ-ஆர்-ஐ-டி-எச்’ என்று எழுதினால் அரபு அறிந்தவர் ‘ஸா’ என்றே புரிந்துகொள்வார். ஆனால் நம் ஊர்ப் பள்ளி ஆசிரியர் அதை ஹரித் என்று கூப்பிடுவார். நான் இரண்டாவதையே பரிந்துரைப்பேன். தமிழில் ஹாரிஸ் என்றே இருக்கட்டும். உஸ்மான் என்று தமிழில் எழுதிக்கொண்டு ஆங்கிலத்தில் ‘டி-எச்’ போடுவோர் இருக்கிறார்களே, அதைப் போன்றதுதான் இது. பள்ளியில் வேறு மாதிரி அழைப்பதை உங்களால் பொறுத்துக்கொள்ள இயலாது என்றால் ‘எஸ்’ போடுவதும் தவறில்லை; அப்போது அரபியில் பெயர் எழுதப்படும் ஒவ்வோர் இடத்திலும் நீங்களே சொல்லித் திருத்த வேண்டியிருக்கும்.

எதைத் தேர்ந்தாலும் முதல் ஆவணத்திலேயே உறுதி செய்துவிடுங்கள். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை, கடவுச்சீட்டு முதலியவற்றில் பிறந்த தேதிக்கும் இடத்துக்கும் பிறப்புச் சான்றிதழே ஆதாரம் என்பதால், அதிலுள்ள எழுத்தே வாழ்நாள் முழுவதும் தொடரும். அவசரமும் இல்லை: பிறப்பைப் பெயரின்றிப் பதிந்திருந்தால், பெயரைப் பன்னிரண்டு மாதத்துக்குள் கட்டணமின்றிச் சேர்க்கலாம். தந்தை பெயரை முதலெழுத்தாகச் சுருக்காமல் விரித்து எழுதுங்கள். கடவுச்சீட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருப்பவர்களுக்கு 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் வருகை விசாவில் கட்டுப்பாடு கொண்டுவந்தபோது, முதலெழுத்தோடு வாழும் தமிழர் பலர் திகைத்துப் போனார்கள். பதிவாளர் அலுவலகத்துக்குச் செல்வதற்கு முன், ஜமாஅத்தில் அந்தப் பழைய தஃப்தரைப் பார்த்து, பூட்டனாரின் பெயரில் கடைசி எழுத்தின் மேல் மூன்று புள்ளிகள் இருக்கின்றனவா என்பதை மட்டும் குறித்துக்கொள்ளுங்கள்.