சந்திரலேகாவும் நகை செட்டும்

அன்புள்ள ஐயா,

பிளஸ் டூ படிக்கும் என் மகளுக்குத் தை மாதம் காரைக்குடியில் பரத அரங்கேற்றம். மண்டபம், சமையல்காரர், நகை செட் எல்லாம் பேசியாச்சு. இப்போது நடனக் கலைஞர் சந்திரலேகாவின் ‘ஷரீரா’ என்ற நடனத்தைக் காணொளியில் பார்த்துவிட்டு ‘இப்படித்தான் ஆடணும்’ என்கிறாள். டீச்சர் அது நாட்டியமே இல்லை என்கிறார். மரபை உடைத்ததைத் தவிர அந்த அம்மாள் விட்டுச்சென்றது என்ன?
வ., தேவகோட்டை

அன்புள்ள வ.,

நாட்டியமா இல்லையா என்ற பஞ்சாயத்துக்கு நான் வரவில்லை. சந்திரலேகா காஞ்சிபுரம் எல்லப்பப் பிள்ளையிடம் பாடம் கேட்டவர், 1985இல் ‘அங்கிகா’ என்ற படைப்பில் களரிச் சண்டைக்கலையையும் யோகத்தையும் சேர்த்தபோதும், முழங்காலை மடக்கி நிற்கும் பரதத்தின் அரைமண்டியை விடாதவர் என்று டீச்சரிடம் சொல்லுங்கள். போதும்.

என்னைப் பிடித்துக்கொண்டது உங்கள் ‘எல்லாம் பேசியாச்சு’தான்.

1952இல் சந்திரலேகாவின் அரங்கேற்றம் ராயலசீமா வறட்சி நிதிக்காக நடந்தது. ‘மதுரா நகரிலோ’ என்ற பாட்டுக்கு ஆடுகிறார். யமுனைத் தண்ணீரை வாரி இறைக்கும் அபிநயம். கை தண்ணீரை அள்ளுகிறது, வசூலோ தண்ணீரில்லாத சீமைக்குப் போகிறது. வெடித்த நிலம் கண்முன் வந்து நிற்க, மேடையிலேயே உறைந்துபோனார். ஆட்டத்துக்கும் வாழ்க்கைக்கும் என்ன சம்பந்தம் என்று அன்று வந்த சந்தேகம் 2006இல் கண்மூடும்வரை அவரை விடவில்லை. அலங்காரத்தைக் கழித்துக்கொண்டே போனார். 2001இல் ‘ஷரீரா’வுக்கு வந்தபோது துருபத் என்ற இந்துஸ்தானி இசையும் தரையும் இரண்டு உடம்புகளும்தான் மிச்சம்.

நம் பக்கமும் வானம் பார்த்த பூமிதான். ஊருணித் தண்ணீரைக் காவல் போட்டுக் குடித்தவர்களின் பேரப்பிள்ளைகள் அரங்கேற்றத்தைக் கல்யாணமாக்கி வைத்திருக்கிறோம். சமீபத்தில் ஒன்றுக்குப் போயிருந்தேன். வர்ணத்தின் நடுவே வாடகை நெற்றிச்சுட்டி நழுவிப் புருவத்தில் விழுந்தது. அந்தப் பெண் பதாக முத்திரை பிடித்த கையாலேயே அதை மேலே தள்ளினாள். தள்ளும்போதெல்லாம் ஜதி தப்பியது. தாளம் தட்டும் தட்டுக்கழி இன்னும் பலமாக விழுந்தது. அதற்குள் பந்திக்குக் கூப்பிட்டுவிட்டார்கள், முன்வரிசை காலி! கல்யாணத்துக்குச் சதிராட்டம் வைத்து, பேச்சும் சாப்பாடுமாக இருந்துகொண்டே பார்த்தவர்கள் நம் ஐயாக்கள். அன்று ஆடியவள் யார் வீட்டுப் பெண்ணோ. இன்று நம் வீட்டுப் பெண்ணையே அங்கே நிறுத்துகிறோம், லட்சங்கள் செலவழித்து.

மகளைத் திட்டாதீர்கள். பத்து நிமிடம் ஒரு முதுகெலும்பு தரையிலிருந்து எழுவதைப் பொறுமையாகப் பார்க்கிற பிள்ளை உங்களுக்கு வாய்த்திருக்கிறாள். நான் பார்த்த சபாக்காரர்கள் பலருக்கே அது முடிந்ததில்லை.

நகை செட்டுக்குக் கொடுத்த அட்வான்ஸை இன்றைக்கே திரும்பக் கேளுங்கள். சமையல்காரர் இருக்கட்டும், வந்தவர்கள் சாப்பிடாமல் போனால் ஆச்சிமார் உங்களைச் சும்மா விடமாட்டார்கள். ஆனால் இலை போடுவது கடைசி உருப்படியான தில்லானா முடிந்த பிறகு.