இணையச் சோதனையில் 72க்கு 46: எனக்கு முகமறியாக் குறை இருக்கிறதா?

கேள்வி: எனக்கு 34 வயது. சிறு வயதிலிருந்தே யாருடைய முகமும் மனத்தில் நிற்பதில்லை. உடன் வேலை பார்ப்பவர் முடியை வெட்டிக்கொண்டு வந்தாலோ, எதிர்பாராத இடத்தில் எதிர்ப்பட்டாலோ, அவர் வாய் திறக்கும் வரை யாரென்று தெரியாது. பேசிவிட்டால் உடனே தெரிந்துவிடும். இதனால் தலைக்கனம் பிடித்தவள் என்று பெயர் வாங்கியதுதான் மிச்சம். இணையத்தில் ஒரு சோதனை செய்து பார்த்தேன். 72க்கு 46 வந்தது. முழு அறிக்கைக்கும் பயிற்சிக்கும் பணம் கட்டச் சொல்கிறார்கள். மூளை ஸ்கேன் எடுக்க வேண்டுமா? 6 வயது மகனையும் சோதிக்க வேண்டுமா?

பதில்: பணம் கட்ட வேண்டாம், ஸ்கேனும் வேண்டாம். மற்றவற்றை நிதானமாகப் பேசலாம்.

நீங்கள் சொல்வது மறதி நோய் அன்று. குரலைக் கேட்டதும் ஆள் தெரிகிறார் என்றால் அவரைப் பற்றிய நினைவு பத்திரமாகவே இருக்கிறது. முகத்தைப் பார்த்து அந்த நினைவை எட்டுவதில்தான் சிக்கல். ஜெர்மானிய நரம்பியல் மருத்துவர் யோவாகிம் போடாமர் 1947இல் இதற்கு ‘ப்ரோசோபக்னோசியா’ என்று பெயர் வைத்தபோது, மூளையில் காயம்பட்டவர்களைக் கண்டே வைத்தார். காயம் எதுவுமின்றிப் பிறவியிலேயே இப்படி இருப்பவர்களும் உண்டு என்பது வெகு காலம் கழித்தே பரவலாக ஏற்கப்பட்டது; நூற்றுக்கு இருவர் இருக்கலாம் என்று வழக்கமாகச் சொல்லப்படுகிறது. சிம்பன்சிகளை ஆராய்ந்த ஜேன் குடாலே தமக்கு இக்குறை இருந்ததாகக் கூறியிருக்கிறார்.

நீங்கள் செய்த சோதனை, 72 என்ற எண்ணை வைத்துப் பார்த்தால், 2006இல் வெளிவந்த கேம்பிரிட்ஜ் முக நினைவுச் சோதனையாக இருக்க வேண்டும். முடி தெரியாதபடி வெட்டப்பட்ட ஆறு முகங்களை முதலில் காட்டுவார்கள். பிறகு மும்மூன்று முகங்களாக வைத்து, முன்பு பார்த்தது எது என்று கேட்பார்கள். முதல் 18 கேள்விகளில் அதே படம் வரும். அடுத்த 30இல் அதே ஆள், ஆனால் வேறு கோணம், வேறு வெளிச்சம். கடைசி 24இல் படத்தின் மேல் புள்ளிகளைத் தூவி மங்கலாக்கியிருப்பார்கள். கண்ணை மூடிக்கொண்டு விடை சொன்னாலும் 24 கிடைத்துவிடும். குறை இல்லாதவர்கள் சராசரியாக 58 வாங்குகிறார்கள். 42 அல்லது அதற்குக் கீழே போனால்தான் சந்தேகப்படுவது வழக்கம். உங்கள் 46 சராசரிக்குக் கீழே, ஆனால் கோட்டுக்கு மேலே.

இங்கே ஒரு விதிவிலக்கைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனெனில் மதிப்பெண்ணை விற்பவர்கள் யாரும் இதைச் சொல்வதில்லை. அந்தச் சோதனையின் மூல வடிவத்தில் இருப்பவை அனைத்தும் ஐரோப்பிய வம்சாவளி ஆண்களின் முகங்கள். எந்த முகங்களுக்கிடையே வளர்ந்தோமோ அந்த முகங்களையே நாம் நன்றாகப் பிரித்தறிவோம். மற்ற இனத்தவரின் முகங்களில் எவருக்கும் தடுமாற்றம் வரும், அது குறை ஆகாது. சராசரி 58 என்பதும் பெரும்பாலும் அத்தகைய முகங்களைப் பார்த்தே வளர்ந்தவர்களிடம் எடுத்த கணக்கு. ஆகவே அவ்வாறு வளராத ஒருவர் 46 வாங்கினால், குறைந்தது அவருடைய திறமையாலா, படங்களாலா என்று அந்த எண்ணை மட்டும் வைத்துச் சொல்ல இயலாது. இதனால்தான் சீன முகங்களைக் கொண்ட வடிவம் தனியாக உருவாக்கப்பட்டது. உங்களுக்குப் பழக்கமான முகங்களைக் கொண்ட வடிவம் கிடைத்தால் அதில் வரும் எண்ணையே நம்புங்கள். புகழ்பெற்றவர்களின் படங்களைக் காட்டிப் பெயர் கேட்கும் சோதனைக்கும் இது பொருந்தும். திரைப்படமே பார்க்காதவருக்கு நடிகரைத் தெரியாததில் என்ன வியப்பு?

சோதனைகளை ஒன்றாகச் சேர்த்துப் பார்ப்பதுதான் முறை. 2015இல் வந்த 20 கேள்விகள் கொண்ட பட்டியல் ஒன்று உண்டு. அன்றாடத் தடுமாற்றங்களைக் கேட்டு 20 முதல் 100 வரை மதிப்பெண் தரும். 65 அல்லது அதற்கு மேல் வந்தால் கவனிக்க வேண்டும். முக நினைவுச் சோதனையைப் போலவே கார்களை வைத்தும் ஒரு சோதனை இருக்கிறது. அதில் நன்றாகச் செய்து முகத்தில் மட்டும் சறுக்கினால், சிக்கல் முகத்துக்கே உரியது என்று ஊகிக்கலாம். ஒரே ஒரு எண்ணைப் பார்த்து ‘இருக்கிறது’ என்பவரையும் நம்பாதீர்கள், ‘இல்லை’ என்பவரையும் நம்பாதீர்கள்.

‘இல்லை’ என்பவர்கள் பெரும்பாலும் மருத்துவமனைக்குள்ளேயே இருக்கிறார்கள் என்பதுதான் எரிச்சல். இன்றும் பல இடங்களில் பழைய பென்டன் சோதனையை எடுத்து வைக்கிறார்கள். அதில் பார்க்க வேண்டிய முகமும் விடை முகங்களும் ஒரே நேரத்தில் கண்முன் இருக்கும். புருவத்தோடு புருவத்தை ஒப்பிட்டுப் பொறுமையாக விடை கண்டுபிடித்துவிடலாம். கடுமையான குறை உள்ளவர்களும் இதில் தேறிவிடுகிறார்கள் என்பது 2004இலேயே ஆய்வில் வெளிப்பட்டது. ஆனாலும் ‘உங்களுக்கு ஒன்றுமில்லை’ என்ற தாளைக் கொடுத்து அனுப்புகிறார்கள். கண் பிரிவு நரம்பியலுக்கு அனுப்பும், நரம்பியல் மனநலத்துக்கு அனுப்பும், அவர்கள் பதற்றத்துக்கு மாத்திரை எழுதுவார்கள்.

இந்த அலைச்சலில்தான் இடைத்தரகர்கள் நுழைகிறார்கள். ‘முழு மூளைப் பரிசோதனை’ என்று எம்ஆர்ஐ ஸ்கேன், இஇஜி என்னும் மூளை மின்னலைப் பதிவு இரண்டையும் கட்டாகக் கட்டி விற்பார்கள். பிறவிக் குறையில் சாதாரண எம்ஆர்ஐ பொதுவாக ஒன்றும் காட்டாது. இஇஜியால் இதைக் கண்டறிய முடியாது. பயிற்சியால் சிலருக்கு ஓரளவு முன்னேற்றம் வருவதாக ஆய்வுகள் கூறுகின்றன. ‘குணப்படுத்துகிறோம்’ என்று எவரேனும் சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். இதற்கு மாத்திரையும் கிடையாது. நேற்று வரை தெரிந்த முகங்கள் இன்று திடீரெனத் தெரியாமல் போனால் மட்டும் கதை வேறு. அது பக்கவாதமாக இருக்கலாம், அப்போது ஒரு மணி நேரம்கூடத் தாமதிக்காமல் அவசரச் சிகிச்சைக்குச் செல்ல வேண்டும்.

உங்கள் நிலையில் உறுதிப்பாடு வேண்டுமென்றால், நரம்புசார் உளவியல் நிபுணரிடம் சென்று, முக நினைவுச் சோதனை, 20 கேள்விப் பட்டியல், கார் சோதனை ஆகியவற்றைக் குறிப்பிட்டே கேளுங்கள். அதற்கு முன்பே, நெருங்கிப் பழகும் சிலரிடம் ‘எனக்கு முகம் நினைவில் நிற்காது, பெயரைச் சொல்லிப் பேசுங்கள்’ என்று சொல்லிவிடலாம். அதற்குச் சான்றிதழ் தேவையில்லை.

மகனைப் பொறுத்தவரை, இது குடும்பத்தில் தொடர்வதுண்டு, ஆனாலும் அவசரமில்லை. முக நினைவுத் திறன் 30 வயதைத் தாண்டியே உச்சம் அடைகிறது; பெரியவர்களுக்கான சோதனையை 6 வயதுப் பிள்ளைக்குக் கொடுத்து வரும் எண்ணால் பயனில்லை, குழந்தைகளுக்கான வடிவம் தனியே இருக்கிறது. கூட்டத்தில் உங்களைத் தேடும்போது அவன் முகத்தைப் பார்க்கிறானா, உடையைப் பார்க்கிறானா என்று சில மாதங்கள் கவனியுங்கள். உடையைத்தான் தேடுகிறான் என்று தோன்றினால், பள்ளியிலிருந்து யார் அழைக்க வருகிறார் என்பதை அவனிடம் முன்கூட்டியே சொல்லி, காத்திருக்கும் இடத்தை நிலையாக வைத்துக்கொள்ளும்படி ஆசிரியரிடம் பேசிவையுங்கள்.