வம்சாவளி எடுப்பது எப்படி? மானிடவியல் களப்பணி கேள்வி பதில்

யாருக்கு யார் என்ன உறவு என்று தெரியாமல் ஒரு ஊரின் கல்யாணமோ கருமாதியோ நிலத்தகராறோ விளங்காது. அதனால், களப்பணி பற்றி எனக்கு வந்த கேள்விகளில் வம்சாவளி பற்றியவற்றுக்கு முதலிடம் கொடுத்திருக்கிறேன்.

சார், வீடு வீடாகப் போய் ‘உங்களுக்கு எத்தனை மாமா, எத்தனை சித்தப்பா’ என்று கேட்டு எழுதினால் போதாதா? (முதுகலை மாணவர், மதுரை)

போதாது. எண்ணிக்கை கிடைக்கும், அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. அம்மாவின் தம்பியும் மாமா, அத்தை வீட்டுக்காரரும் மாமா, மாமனாரும் மாமா.

1898-இல் கேம்பிரிட்ஜிலிருந்து, ஆஸ்திரேலியாவுக்கும் நியூ கினிக்கும் நடுவிலுள்ள டோரஸ் நீரிணைத் தீவுகளுக்குப் போன ஆய்வுக் குழுவில் டபிள்யூ. எச். ஆர். ரிவர்ஸ் என்ற ஆங்கிலேய மருத்துவர் இருந்தார். பார்வை முதலான புலன்களைச் சோதிக்கப் போனவர் அவர். அந்தத் திறன்கள் குடும்பவழி வருகின்றனவா என்று பார்க்கத்தான் வம்சாவளி சேகரிக்க ஆரம்பித்தார். அவர் வகுத்த வழி இன்றும் உதவும்: அப்பா, அம்மா, பிள்ளை, கணவன், மனைவி என்ற ஐந்து சொற்களுக்கு மேல் எந்த உறவுச்சொல்லையும் நீங்கள் பயன்படுத்தாதீர்கள்.

முதலில் பேசுபவரின் பெற்ற அப்பா, பெற்ற அம்மா பெயர். பிறகு அந்த இருவருக்கும் பிறந்த பிள்ளைகள், மூத்தவரிலிருந்து வரிசையாக. ஒவ்வொரு பிள்ளையும் யாரைக் கட்டினார், எந்த ஊர், அவர்களுக்கு என்ன பிள்ளைகள். அது முடிந்தபின் அப்பாவைப் பெற்றவர்கள், அம்மாவைப் பெற்றவர்கள் என்று மேலே போங்கள். ஒவ்வொரு தம்பதிக்கும் மூன்று கேள்விகளை விடாமல் கேளுங்கள்: சிறுவயதில் தவறிப்போன குழந்தை உண்டா? இருவரில் யாருக்காவது வேறு கல்யாணம் உண்டா? தத்து கொடுத்ததோ எடுத்ததோ உண்டா? சொத்து வாரிசுகளை நினைத்தே ஆட்கள் எண்ணுவதால், வெளியூரில் கட்டிக்கொடுத்த பெண்கள்தான் பெரும்பாலும் விட்டுப்போவார்கள்.

இதையெல்லாம் கோட்டுப்படமாக வரைந்து வாருங்கள். படம் முழுதானபின் அதில் ஒவ்வொருவராகக் காட்டி, “இவரை நேரில் எப்படிக் கூப்பிடுவீர்கள்? அடுத்தவரிடம் சொல்லும்போது என்ன முறை சொல்வீர்கள்?” என்று கேளுங்கள். உறவுச்சொற்கள் அப்போது சரியான ஆளோடு சேர்ந்து வரும்.

வரைய எந்த மென்பொருள் நல்லது?

களத்தில் ஏ3 தாளும் பென்சிலும். ஆண் முக்கோணம், பெண் வட்டம், கல்யாணத்துக்குச் சமக்குறி, இறந்தவர்மேல் சாய்கோடு, மூத்தவர் இடப்பக்கம். தாளில் பெயர் வேண்டாம், எண் போடுங்கள். எண்ணுக்குரிய பெயரும் விவரமும் தனி நோட்டில் இருக்கட்டும்.

தமிழ்நாட்டில் பலர் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. அக்கா மகளைக் கட்டியவர் வீட்டில் அந்தப் பெண் மகளாக ஓரிடத்திலும், ஒரு தலைமுறை மேலே மனைவியாக இன்னோரிடத்திலும் வருவார். இரண்டு இடத்திலும் அதே எண்ணைப் போட்டு, புள்ளிக்கோட்டால் இணையுங்கள். தனித்தனி எண் கொடுத்தால் ஒரே ஆள் இருவராகி, மக்கள்தொகைக் கணக்கும் சொந்தத்துக்குள் கட்டியவர் கணக்கும் சேர்ந்தே கெடும். முறைமாமன், முறைப்பெண் கல்யாணம் அதிகமுள்ள ஊரில் இந்தப் பிழை ஒவ்வொரு தாளிலும் வரும்.

நீலகிரித் தோடர் பற்றிய பழைய பதிவுகளில் அண்ணன் தம்பிகள் எல்லோருக்கும் ஒரே மனைவி. பிள்ளைக்கு அப்பா என்று யாரைக் குறிப்பது?

ரிவர்ஸ் 1901-02-இல் நீலகிரியில் தங்கி வேலை செய்து, 1906-இல் நூலாக வெளியிட்டார். அவருடைய பதிவிலேயே விடை இருக்கிறது. முதல் கர்ப்பத்தில், ஏழாம் மாத வாக்கில் ஒரு சடங்கு நடக்கும். குச்சியை வளைத்துச் செய்த சிறு வில்லும் புல்லால் ஆன அம்பும் கர்ப்பிணியிடம் கொடுக்கப்படும். கொடுத்தவரே அப்பா. கூடி வாழும் சகோதரர்களில் வழக்கமாக மூத்தவர் கொடுப்பார். வேறொருவர் சடங்கு செய்து வில் கொடுக்கும்வரை அடுத்து பிறக்கும் பிள்ளைகளும் முன்பு கொடுத்தவருக்கே உரியவர்கள்.

ஆகவே சகோதரர் ஒவ்வொருவரையும் மனைவியோடு கல்யாணக் கோட்டால் இணையுங்கள். பிள்ளையின் கோடு வில் கொடுத்தவரிடமிருந்து மட்டும் இறங்கட்டும். ‘உண்மையான’ அப்பா யார் என்ற ஊகத்தைத் தாளில் ஏற்றாதீர்கள். தோடரிடம் குலமும் உரிமையும் வில்லின் வழி வருவதால் ஆய்வுக்கு வேண்டிய உண்மை அதுதான். இன்னொன்று, அந்தப் பலகணவர் மணம் பழைய வழக்கம். இன்றைய தோடரைப் பற்றி எழுதும்போது அதை நிகழ்காலத்தில் எழுதுவது அவர்களுக்குச் செய்யும் அநியாயம்.

இறந்தவர் பெயரையோ கணவர் பெயரையோ சொல்ல மறுத்தால்?

வற்புறுத்தக் கூடாது. தோடரிடமும் இறந்த முன்னோர் பெயரைச் சொல்வதற்குத் தடை இருந்தது. அந்தக் குடும்பத்தைச் சேராதவர்களிடம் ரிவர்ஸ் கேட்டு வாங்கினார். கணவர் பெயரைப் பிள்ளைகளே சொல்லிவிடுவார்கள்.

வயது கேட்டால் எல்லோரும் 50, 55, 60 என்றே சொல்கிறார்கள். (ஆய்வு உதவியாளர், இராமநாதபுரம்)

வயதைக் கேட்காமல் நிகழ்ச்சியை வைத்துக் கேளுங்கள். உங்கள் பகுதிக்கு 1964 தனுஷ்கோடிப் புயல், 1987-இல் எம்.ஜி.ஆர். மறைவு, 2004 சுனாமி போதும். “புயலடித்தபோது நடக்கிற குழந்தையா, பள்ளிக்கூடம் போனவரா?” என்று கேட்டால் ஓரிரு வருட வித்தியாசத்துக்குள் வந்துவிடும். அண்ணனைவிடத் தம்பி மூத்தவராகக் கணக்கு வந்தால் இருவரையும் மறுபடி கேளுங்கள்.

ரெக்கார்டர் இருந்தால் குறிப்பு எழுத வேண்டுமா?

கட்டாயம். ஒரு மணி நேர ஒலிப்பதிவை எழுத்தாக்க நான்கு முதல் ஆறு மணி நேரம் பிடிக்கும், பலர் ஒரே நேரத்தில் பேசினால் இன்னும் கூடும். யார் உள்ளே வந்ததும் பேச்சு நின்றது என்பது ஒலிப்பதிவில் இருக்காது. அங்கேயே நாலு வார்த்தை கிறுக்கிக்கொண்டு, அன்றிரவே விரித்து எழுதுங்கள். தேதி, இடம், உடனிருந்தவர்கள் தலைப்பில். அவர்கள் சொன்னது மேற்கோள் குறிக்குள், நீங்கள் பார்த்தது வெறுமனே, உங்கள் ஊகம் சதுர அடைப்புக்குள்.

பெயரை மாற்றிவிட்டால் வம்சாவளியை வெளியிடலாமா?

முழுப் படத்தை வெளியிடாதீர்கள். ‘நான்கு மகள்கள், கடைசி மகன் தத்து’ என்பதைப் பார்த்ததுமே ஊர்க்காரர் வீட்டைக் கண்டுபிடித்துவிடுவார். உங்கள் வாதத்துக்கு வேண்டிய கிளையை மட்டும் வெட்டி எடுங்கள். சாதி மாறிய கல்யாணம், தத்து, பிரிந்துபோனவர் விவரம் அதில் இருந்தால், அந்தக் குடும்பத்திடம் படத்தையே காட்டிச் சம்மதம் கேளுங்கள். ஆய்வின் தொடக்கத்தில் வாங்கிய பொதுச் சம்மதம் இதற்குச் செல்லாது. எண்–பெயர் நோட்டை மடிக்கணினியில் படத்தோடு சேர்த்து வைக்காதீர்கள்.