இரத ஊர்வலத்தைக் குறுக்கிடாமல் படமாக்க முடியுமா?

எதையும் ஏற்பாடு செய்யாமல், யாரையும் நேர்காணாமல், இரத ஊர்வலத்தை நடப்பது நடந்தபடியே பதிவு செய்து முழு ஆவணப்படமாக்க முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். முடியும். ஆனால் கண்ணைவிடக் காதுக்கே முதலிடம் தர வேண்டும் என்பதை, மலேசியாவில் சுங்கை சிப்புட்டை அடுத்த எங்கள் தோட்டத்து மாரியம்மன் திருவிழாவை இரண்டு ஆண்டுகள் படமெடுத்தபோது உணர்ந்தேன்.

தோளில் சுமக்கக்கூடிய 16 மி.மீ. கேமராவும் அதனோடு ஒத்திசைந்து ஓடும் ஒலிப்பதிவுக் கருவியும் 1960-ஐ ஒட்டி வந்த பிறகே இந்த முறை வேரூன்றியது. விவரிப்புக் குரலோ நேர்காணலோ இல்லாமல் படமெடுத்த அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் பிரெடரிக் வைஸ்மன், கேமராவை ஒளிப்பதிவாளரிடம் கொடுத்துவிட்டு ஒலிவாங்கியைத் தாமே பிடித்தார். அன்றைய 400 அடிச் சுருள் ஏறத்தாழ 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். அந்த நெருக்கடி இல்லாத நாமோ நொடிக்கொரு முறை பதிவை நிறுத்துகிறோம். உருமி மேளம் முழங்கும் ஊர்வலத்தில் இது பெருங்கேடு; வளைந்த குச்சி தோலில் உரசி எழும் அந்த உறுமல் பாதியில் அறுந்தால், தொகுக்கும்போது ஒரு காட்சி இன்னொன்றோடு ஒட்டவே ஒட்டாது. ஆகவே, இரதம் புறப்படுவதிலிருந்து ஆலயத்துக்குத் திரும்பும்வரை தனி ஒலிப்பதிவுக் கருவி ஒன்றை நிறுத்தாமல் ஓடவிடுங்கள்.

காப்புக் கட்டும் நாளிலிருந்தே கேமராவோடு அங்கே இருங்கள். இரத நாளில் உங்களை யாரும் புதிதாகப் பார்க்க மாட்டார்கள்.

முதல் ஆண்டு, தோட்டத் தொழிலாளர் வரிசை வீடான லயன் வீட்டு வாசலில் ஆரத்தித் தட்டோடு நின்ற பாட்டியிடம், வெளிச்சம் போதவில்லை என்பதற்காக, "இன்னொரு தடவை காட்டுங்க பாட்டி" என்று கேட்டுவிட்டேன். அவர் மறுக்கவில்லை. ஆனால் முதல் முறை அம்மனைப் பார்த்த கண்கள் இரண்டாம் முறை என்னைப் பார்த்தன. அந்தக் காட்சியைப் படத்தில் சேர்க்க எனக்கு மனம் வரவில்லை.

அடுத்த ஆண்டு ஒருவரை மட்டுமே பின்தொடர்ந்தேன். இரதத்துக்கு முன்னால், கவை வைத்த மூங்கில் கழியால் தொலைபேசிக் கம்பிகளைத் தூக்கிப் பிடித்தபடி நடக்கும் அண்ணன் அவர். செம்பனை எனும் எண்ணெய்ப்பனை மரங்களில் குலை வெட்டுபவர் என்பதால் அண்ணாந்தே பழகிய கழுத்து. ஊரே இரதத்தைப் பார்க்க, அவர் கம்பிகளை மட்டுமே பார்த்துக்கொண்டு நடந்தார். விடியும் வேளையில் இரதம் ஆலயத்தை அடைந்ததும், கழியைச் சுவரில் சாய்த்துவிட்டு, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, முதன்முறையாகத் திரும்பி அம்மனைப் பார்த்தார். கேமரா அப்போதும் ஓடிக்கொண்டிருந்தது.