டப்பாவில் ஒட்டிய தேதி

மேடம், எனக்கு 38 வயது. கல்யாணமாகி 11 வருஷம். ஆட்குறைப்பு என்று சொல்லி என் கணவரை வேலையிலிருந்து அனுப்பி எட்டு மாதமாகிறது. வேலை போனதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன், எதற்கெடுத்தாலும் ஜோக் அடிக்கிறாரே, அதைத்தான் தாங்க முடியவில்லை. உறவுக்காரர்கள் "இப்ப என்ன பண்றீங்க?" என்றால், "வீட்டுக்கு எம்.டி. ஆயிட்டேன், சம்பளம்தான் இன்னும் பேசலை" என்பார். எல்லோரும் சிரிப்பார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். சமையலறை டப்பா ஒவ்வொன்றிலும் பெயரும் தேதியும் எழுதி ஒட்டியிருக்கிறார். ஆபீஸ் ஃபைலில் எழுதுவாரே, அதே குண்டு குண்டான எழுத்து. யார் கேட்டது? போன வாரம் எங்கள் ஆபீஸிலும் ஏதோ பட்டியல் தயாராகிறது என்று பேச்சு. அவரிடம் சொல்லவில்லை, அதற்கும் ஒரு ஜோக் வைத்திருப்பார். டப்பாவில் தேதி ஒட்டுகிற நேரத்துக்கு நாலு இடத்துக்கு விண்ணப்பம் போடலாமே? இவருக்கு எப்போது பொறுப்பு வரும்?
— பெயர் சொல்ல விரும்பாத வாசகி

அன்புச் சகோதரி, டப்பாவைப் பற்றி இரண்டு தடவை எழுதிவிட்டீர்கள். பட்டியலைப் பற்றி ஒரே ஒரு வரி. எனக்கு அந்த வரிதான் உறைத்தது. இருக்கிற ஒரு சம்பளமும் நின்றுவிடுமோ என்ற பயத்தை ஒரு வாரமாகத் தனியாகச் சுமக்கிறீர்கள். அந்த நிலையில் பக்கத்தில் யார் சிரித்தாலும் எரிச்சல்தான் வரும்.

ஆனாலும் ஒன்று சொல்வேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். வீட்டின் பெரிய கவலையை அவரிடமிருந்து மறைத்து வைத்துக்கொண்டு, பொறுப்பு எங்கே என்று கேட்டால் எப்படி? வேலை போன மனிதரிடமிருந்து கணவர் என்ற இடத்தையும் வாங்கி வைத்துவிட்டீர்கள். இது நியாயமில்லை.

1930-களின் தொடக்கத்தில், ஆஸ்திரியாவில் மரியன்தால் என்ற ஊரில் நெசவாலை மூடியது. மரி யஹோடாவும் சக ஆய்வாளர்களும் அங்கே போய்ப் பார்த்தார்கள். ஆண்களுக்கு நேரம் கொட்டிக் கிடந்தது. பகலெல்லாம் என்ன செய்தீர்கள் என்று கேட்டால் பதில் சொல்லத் தெரியவில்லை. நூலகத்தில் புத்தகம் எடுப்பதுகூடக் குறைந்துபோயிருந்தது. வேலை போனால் நாளே கலைந்துவிடுகிறது. உங்கள் கணவர் பசையும் பேனாவுமாக உட்கார்ந்து அதைக் கலையவிடாமல் பார்த்துக்கொள்கிறார். அந்தக் குண்டு எழுத்து, அவர் இன்னும் கைவிடாத ஆபீஸ் எழுத்து.

பட்டியல் விஷயத்தை இன்றிரவே சொல்லுங்கள். முதலில் ஜோக்தான் வரும். எழுந்து போய்விடாதீர்கள். "எனக்குப் பயமா இருக்குங்க" என்று இன்னொரு தடவை சொல்லுங்கள். விண்ணப்பக் கணக்கை நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம்.