கார் ஊர்வலம்: இறங்காமல் போராடுவது எப்படி?

கொரோனா காலத்தில் காரில் இருந்தபடியே போராட நினைத்தவர்கள் கேட்டவையும், என் பதில்களும்.

காருக்குள்தானே இருக்கப்போகிறோம், தொற்றுக்கு ஏன் பயப்பட வேண்டும்?

வண்டி ஓடும்போது பயமில்லை. கூடும் இடமும் கலையும் இடமும்தான் சிக்கல். 2020 ஏப்ரல் 15 அன்று அமெரிக்காவின் லான்சிங்கில் ஊரடங்கை எதிர்த்துக் கார் போராட்டம் நடந்தது. பெரும்பாலோர் வண்டிக்குள்தான் இருந்தார்கள். ஒரு கூட்டம் மட்டும் இறங்கிப்போய்ச் சட்டமன்றக் கட்டடத்தின் முன் நெருக்கியடித்து நின்றது. அப்புறம் கார் எதற்கு? கூடும் இடத்தில் ஒரு வண்டி இடம் விட்டு நிறுத்தச் சொல்லுங்கள். வழிவிவரம் எல்லாம் முந்தின நாளே போனில் போய்விட வேண்டும்.

நண்பர்களை ஏற்றிக்கொள்ளலாமா?

வேண்டாம். ஒரே வீட்டில் வசிப்பவர்கள் மட்டும். கார் இல்லாதவர் சைக்கிளில் வரட்டும்.

போன முறை எங்கள் பதாகையை யாராலும் படிக்க முடியவில்லை.

நானும் பட்டிருக்கிறேன். முதல் தடவை பதினொரு வார்த்தை எழுதினேன். பின்னால் வந்தவரே சிக்னலில் நின்றபோதுதான் படித்து முடித்தாராம். நாலு வார்த்தை போதும். பத்து அடி தூரத்துக்கு ஓர் அங்குல உயரம் என்பது பலகை எழுதுவோர் கணக்கு. ஐம்பது அடியில் நிற்பவர் படிக்க எழுத்து ஐந்து அங்குலமாவது வேண்டும். கண்ணாடிக்கு உள்ளே ஒட்டினால் வெயிலில் வானம்தான் தெரியும், எழுத்து தெரியாது. பின்கதவில் வெளியே ஒட்டி, நாலு ஓரத்திலும் டேப் போடுங்கள். ஒரு மூலை விட்டாலும் காற்று கிழித்துவிடும். முன்கண்ணாடி, ஓட்டுபவரின் பக்கக் கண்ணாடி, விளக்கு, நம்பர் பிளேட் இவற்றை மறைக்காதீர்கள்.

சிக்னலில் வரிசை அறுந்துபோகிறதே?

அறுந்தால் அறுந்துவிட்டுப் போகட்டும், சிவப்பில் பாயாதீர்கள். ஐந்தைந்து வண்டியாகப் பிரித்து, வழி தெரிந்தவரை முன்னால் விடுங்கள். ஆம்புலன்ஸ் போக ஒரு தடம் எப்போதும் காலியாக இருக்க வேண்டும். ஓட்டுபவர் போனைத் தொடக்கூடாது.

ஹாரன்?

நாள் முழுக்க அடித்தால் எரிச்சல்தான் மிஞ்சும். நேரம் குறித்து, எல்லோரும் சேர்ந்து ஒரு நிமிடம் அடியுங்கள். மருத்துவமனைப் பக்கம் கூடவே கூடாது.

அனுமதி வாங்க வேண்டுமா?

சட்டம் ஊருக்கு ஊர் வேறு. வழியையும் நேரத்தையும் போலீஸிடம் எழுதிக் கொடுத்து, நகலை முதல் வண்டியில் வைத்திருங்கள்.

முடிந்ததும் குழுவாக ஒரு படம் எடுக்கலாமா?

அதற்குத்தான் இறங்குவார்கள்! மாடியிலிருந்து ஒருவர் வரிசை முழுவதையும் எடுக்கட்டும். மற்றவர்கள் அப்படியே வீட்டுக்கு வண்டியைத் திருப்பட்டும்.