வாசகர் கேள்வி – பதில்: சவூதி மன்னர்களின் வம்சாவளி

கேள்வி: பள்ளிக் கண்காட்சிக்காக, சவூதி மன்னர்களை அப்துல் அஸீஸ், சவூத், ஃபைசல், காலித், ஃபஹத், அப்துல்லா, சல்மான் என்று ஒன்றன்கீழ் ஒன்றாக சார்ட்டில் எழுதி, நடுவில் அம்புக்குறி போட்டோம். பார்த்தவர்கள் தப்பு என்கிறார்கள். எங்கே தப்பு?
– ஓர் ஆசிரியை, ஏற்காடு

பதில்: அம்புக்குறியில்தான். நீங்கள் எழுதியிருப்பது பட்டத்துக்கு வந்த வரிசை; அது சரி. ஆனால் அம்புக்குறி போட்டதும் அப்பா, பிள்ளை, பேரன் என்று ஆகிவிடுகிறது. சவூத் முதல் சல்மான் வரை ஆறு பேருமே அப்துல் அஸீஸின் பிள்ளைகள்.

சார்ட்டை அகலவாட்டில் திருப்புங்கள். உச்சியில் அப்துல் அஸீஸ்: 1902இல் ரியாத்தைப் பிடித்தவர், 1932 செப்டம்பர் 23இல் சவூதி அரேபியாவை அறிவித்தவர், 1953இல் மறைந்தவர். அவருக்குக் கீழே நேராகப் பிள்ளைகளை எழுதாமல், முதலில் தாய்மாருக்கு ஒரு வரி விடுங்கள். சவூதின் தாய் வத்ஹா, ஃபைசலின் தாய் தர்ஃபா, காலிதின் தாய் அல் ஜவ்ஹரா, அப்துல்லாவின் தாய் ஃபஹ்தா. ஃபஹதும் சல்மானும் மட்டும் ஹஸ்ஸா அல் சுதைரி வயிற்றுப் பிள்ளைகள். அரசர் ஆறு பேர், தாய்மார் ஐவர். இந்த வரியை விட்டுவிட்டால், ஹஸ்ஸாவின் ஏழு மகன்களும் ஒரே அணியாக நின்று இவ்வளவு செல்வாக்குப் பெற்றது எப்படி என்பது பிள்ளைகளுக்கு விளங்காது. ஆண்ட வருடங்களைப் பெயருக்கு அடியில் எழுதலாம்: சவூத் 1953–1964, ஃபைசல் 1964–1975, காலித் 1975–1982, ஃபஹத் 1982–2005, அப்துல்லா 2005–2015, சல்மான் 2015 முதல்.

அப்துல் அஸீஸுக்கு மேலே போகும்போது கவனம் வேண்டும். அவருடைய அப்பா அப்துல் ரஹ்மான், அவருக்கு அப்பா ஃபைசல், அவருக்கு துர்க்கி, அவருக்கு அப்துல்லா, அவருக்கு முகம்மது, அவருக்கு சவூத். இந்த சவூதின் பெயர்தான் குடும்பத்துக்கும் நாட்டுக்கும் வந்தது. பலரும் சறுக்குவது அப்துல்லாவிடம். 1818இல் இஸ்தான்புல்லில் தலை வெட்டப்பட்ட அப்துல்லா வேறு ஆள். அவர் வேறொரு சவூதின் மகன், வேறொரு அப்துல் அஸீஸின் பேரன், இதே முகம்மதுவின் கொள்ளுப்பேரன். துர்க்கியின் அப்பாவோ முகம்மதுவின் சொந்த மகன். மூத்த கிளையின் ஆட்சி 1818இல் முடிந்தது. 1824இல் ரியாத்தை மீட்ட துர்க்கியின் கிளைதான் இன்று ஆள்கிறது.

நம் ஊரில் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பதுபோல் அங்கும் அதே பெயர்கள் திரும்பத் திரும்ப வரும். அதனால் ஒவ்வொரு பெட்டியிலும் அப்பா, தாத்தா பெயரையும் சேர்த்தே எழுதுங்கள். மகனுக்கு ‘பின்’, மகளுக்கு ‘பின்த்’. கல்யாணம் ஆனாலும் பெண்ணின் பெயர் மாறாது. கணவர் பெயரை ஒட்டிவிடாதீர்கள்.

கேள்வி: முகம்மது பின் நாயிஃபும் முகம்மது பின் சல்மானும் அண்ணன் தம்பிகளா? இருவருமே பட்டத்து இளவரசர் என்று படித்தேன்.
– வாசகர், அம்மாபேட்டை, சேலம்

பதில்: சித்தப்பா, பெரியப்பா மக்கள். நாயிஃப், சல்மான் இருவரும் ஹஸ்ஸாவின் பிள்ளைகள். 2015 ஜனவரியில் சல்மான் பட்டத்துக்கு வந்ததும், தம்பி முக்ரின் பட்டத்து இளவரசரானார். ஏப்ரலில் அவர் விலக்கப்பட்டு முகம்மது பின் நாயிஃப் வந்தார். பேரன் தலைமுறையில் அந்த இடத்துக்கு வந்த முதல் ஆள் அவர்தான். 2017 ஜூனில் அவரும் நீக்கப்பட, முகம்மது பின் சல்மான் வந்தார். 1992ஆம் ஆண்டின் அடிப்படைச் சட்டம், ஆட்சி அப்துல் அஸீஸின் மகன்களுக்கும் அவர்களுடைய மகன்களுக்கும் உரியது என்கிறது; மூத்தவருக்கே என்று சொல்லவில்லை. மகனுக்கு வழி திறந்தது அதனால்தான்.

கேள்வி: ஜோர்டான் மன்னரும் இதே குடும்பமா?
– வாசகி, செவ்வாய்ப்பேட்டை, சேலம்

பதில்: இல்லை. அவர்கள் ஹாஷிமியர், மக்காவின் ஷரீஃப் (மக்கா ஆட்சியாளரின் பட்டம்) ஹுசைன் வழி. அவருடைய மூத்த மகன் அலியிடமிருந்து, மக்கா, மதீனா இருக்கும் ஹிஜாஸ் பகுதியை 1925இல் முழுமையாகக் கைப்பற்றியவர் அப்துல் அஸீஸ். ஷரீஃப் ஹுசைனின் இன்னொரு மகன் ஜோர்டானின் முதலாம் அப்துல்லா. அவருக்குப் பின் தலால், ஹுசைன், இன்றைய இரண்டாம் அப்துல்லா என்று அங்கே அப்பாவிடமிருந்து பிள்ளைக்கே போயிருக்கிறது. தலாலின் மகன் ஹுசைன் மட்டும் 1965 முதல் தம்பி ஹஸனைப் பட்டத்து இளவரசராக வைத்திருந்து, 1999 ஜனவரியில், தாம் இறப்பதற்குச் சில நாள் முன்பு, மகனுக்கு மாற்றினார். ஷரீஃபின் மற்றொரு மகன் ஃபைசல் ஈராக்கை ஆண்டார். அந்தக் கிளையின் ஆட்சி அவர் பேரன் இரண்டாம் ஃபைசல் 1958 ஜூலை 14இல் கொல்லப்பட்டதோடு முடிந்தது.